அரை மணி நேரத்தில் ஒரு தோட்டம்

2024 மார்ச் மாதம் ஒரு வேடிக்கையான செய்தி உலகம் முழுக்கச் சுற்றி வந்தது. வட கொரிய அரசுத் தொலைக்காட்சி, பிரிட்டனின் பழைய தோட்ட நிகழ்ச்சி ஒன்றை ஒளிபரப்பியது. 2010இல் ஆலன் டிட்ச்மார்ஷ் பிபிசிக்காகச் செய்த நிகழ்ச்சி அது. மனிதர் மண்டியிட்டு மண்ணில் வேலை செய்கிறார். ஆனால் அவருடைய இடுப்புக்குக் கீழே மட்டும் படம் மங்கலாக இருக்கிறது! காரணம், அவர் போட்டிருந்தது ஜீன்ஸ். அந்த நாட்டில் ஜீன்ஸ் என்றால் மேற்கத்திய ஏகாதிபத்தியத்தின் அடையாளம். செடியைக் காட்டலாம், மண்வெட்டியைக் காட்டலாம், ஜீன்ஸை மட்டும் காட்டக் கூடாது.

எல்லோரும் சிரித்தார்கள். சிரிக்க வேண்டிய விஷயம்தான். ஆனால் கொஞ்சம் யோசித்துப் பார்த்தால், அந்தத் தணிக்கைக்காரருக்குப் புரிந்த ஒன்று பிரிட்டிஷ் பார்வையாளர்களில் பலருக்கு இன்றுவரை புரியவில்லை. தோட்ட நிகழ்ச்சி காட்டுவது தோட்டத்தை மட்டுமல்ல. எது அழகு, எது அசிங்கம், தோட்டக்காரன் என்றால் எப்படி இருக்க வேண்டும், என்ன உடுத்த வேண்டும், எதை வாங்க வேண்டும் என்று எல்லாவற்றையும் அது சேர்த்தே காட்டுகிறது. பார்ப்பவர் செடி வளர்ப்பு கற்றுக்கொள்வதாக நினைத்துக்கொண்டிருக்கிறார். உண்மையில் அவர் கற்றுக்கொள்வது ஒரு ரசனையை.

அதோடு நின்றிருந்தால் பரவாயில்லை. ரசனையைக் கற்றுத் தருவது குற்றமில்லை. குற்றம் வேறு இடத்தில் இருக்கிறது. தோட்டம் என்பது காலத்தால் ஆனது. விதை முளைக்கவும், கொடி படரவும், மரம் நிழல் தரவும் காலம் வேண்டும். தொலைக்காட்சியால் கொடுக்க முடியாத ஒரே பொருள் அந்தக் காலம்தான். ஆகவே அது காலத்தை வெட்டி எறிந்துவிட்டு, மிச்சமிருக்கும் தோற்றத்தைத் தோட்டம் என்று சொல்லி விற்றது. அதற்கு விலை கொடுத்தது மண்.

கோட்டும் டையும்

கதை கறுப்பு வெள்ளைக் காலத்தில் தொடங்குகிறது. பெர்சி த்ரோவர் என்பவர்தான் பிரிட்டனின் முதல் பெரிய தொலைக்காட்சித் தோட்டக்காரர். அப்பா ஒரு பெரிய பண்ணை வீட்டின் தலைமைத் தோட்டக்காரர். மகன் ஷ்ரூஸ்பரி நகரப் பூங்காக்களின் கண்காணிப்பாளர். 1950களின் நடுவில் தொடங்கி 1967 வரை ‘கார்டனிங் கிளப்’ என்ற பிபிசி நிகழ்ச்சியை நடத்தினார். கோட்டு, டை, வாயில் பைப். தோட்ட வேலை செய்பவன் கனவானாகவும் இருக்கலாம் என்பதை அந்த உடையே சொல்லிவிடும்.

த்ரோவரின் நிகழ்ச்சி இன்று பார்த்தால் தூக்கம் வரலாம். ஆனால் அதில் ஒரு நேர்மை இருந்தது. கறுப்பு வெள்ளையில் ரோஜாவின் நிறத்தைக் காட்டி மயக்க முடியாது. கத்தரிக்கோலை எந்தக் கோணத்தில் பிடிப்பது, மொட்டுக்கு எவ்வளவு மேலே வெட்டுவது என்று கையைத்தான் காட்ட முடியும். பார்த்தவர்கள் கையைப் பார்த்தார்கள்.

1967இல் பிபிசி 2 வண்ண ஒளிபரப்பைத் தொடங்கியது. அடுத்த ஆண்டு, 1968 ஜனவரியில், ‘கார்டனர்ஸ் வேர்ல்டு’ பிறந்தது. த்ரோவர் சில ஆண்டுகள் அதன் முகமாக இருந்தார். பிறகு 1970களின் நடுவில் ஐசிஐ என்ற ரசாயன நிறுவனத்தின் விளம்பரத்தில் நடிக்க ஒப்புக்கொண்டதால் பிபிசி அவரை விலக்கியது. இந்தச் சம்பவத்தை நினைவில் வையுங்கள். செடிக்கு மருந்து விற்பவரும் செடியைப் பற்றிப் பாடம் எடுப்பவரும் ஒரே ஆளாக இருக்கக் கூடாது என்று பிபிசி அன்று கருதியது. இருபது ஆண்டுகளில் அந்தக் கோடு எவ்வளவு மெலிந்து போனது என்பதுதான் அடுத்த கதை.

கயிறும் பழைய பலகையும்

அதற்கு முன்னால் ஒருவரைச் சொல்லியாக வேண்டும். தொலைக்காட்சி என்றாலே கெட்டது என்று வாதிடுவோருக்கும் பதில் அவர்தான். அவர் பெயர் ஜெஃப் ஹாமில்டன். 1979 முதல் 1996இல் இறக்கும் வரை ‘கார்டனர்ஸ் வேர்ல்டு’ நிகழ்ச்சியில் வந்தவர். ரட்லண்டில் பார்ன்ஸ்டேல் என்ற இடத்தில் தன் சொந்தத் தோட்டத்திலிருந்தே பேசினார். பழைய ஜீன்ஸ், சாயம் போன சட்டை. கையில் எப்போதும் கயிறோ பலகையோ இருக்கும்.

ஹாமில்டன் செய்து காட்டியதெல்லாம் காசில்லாதவருக்கு. கடையில் விற்கும் கண்ணாடி நாற்றுப்பெட்டியைப் பழைய மரத்துண்டுகளை வைத்து வீட்டிலேயே எப்படிச் செய்வது என்று காட்டுவார். 1995இல் ‘காட்டேஜ் கார்டன்ஸ்’ தொடருக்காக இரண்டு தோட்டங்களைப் போட்டார். ஒன்று வசதி படைத்தவருடையது, இன்னொன்று கைத்தொழிலாளியுடையது. இரண்டாவதில் எல்லாம் மலிவு, எல்லாம் கையால் செய்தது. அழகிலோ அது முதலாவதற்கு இளைத்ததில்லை. அழகுக்கும் பணத்துக்கும் உள்ள முடிச்சை அவிழ்த்துக் காட்டியது அந்தத் தொடர்.

இன்னொரு விஷயமும் உண்டு. அந்நாளில் பிரிட்டனில் தொட்டிச் செடிக்குப் பயன்பட்ட கலவையில் பெரும்பகுதி பீட் எனப்படும் சதுப்புநில மக்கு. செத்த பாசிகள் நீரில் அமிழ்ந்து மக்காமல் படிந்து உருவாகும் அது ஆண்டுக்குச் சுமார் ஒரு மில்லிமீட்டர்தான் வளரும். ஒரு மீட்டர் ஆழத்துக்குத் தோண்டினால் ஆயிரம் ஆண்டுகளை அள்ளி எடுக்கிறார்கள் என்று அர்த்தம். ஹாமில்டன் அதைப் பயன்படுத்துவதை நிறுத்தினார், பார்ப்பவர்களிடமும் நிறுத்தச் சொன்னார். 

1996 ஆகஸ்டில் ஓர் அறக்கொடை சைக்கிள் பயணத்தின்போது மாரடைப்பில் அவர் இறந்தார். ஓராண்டுக்குச் சற்று மேல் கழித்து வேறொரு காலம் தொடங்கியது.

இரண்டு நாள் அதிசயம்

1997 செப்டம்பரில் ‘கிரவுண்ட் ஃபோர்ஸ்’ வந்தது. ஆலன் டிட்ச்மார்ஷ் வடிவமைப்பார், டாமி வால்ஷ் கல்லும் மரமும் பார்த்துக்கொள்வார், சார்லி டிம்மக் நீரூற்று அமைப்பார். வீட்டுக்காரர் வெளியூர் போயிருப்பார். மனைவியோ மகனோ நண்பரோ ரகசியமாக நிகழ்ச்சிக்குச் சொல்லியிருப்பார்கள். இரண்டே நாளில் பின்கட்டுத் தோட்டம் தலைகீழாக மாறும். வீட்டுக்காரர் திரும்பி வருவார், வாயைப் பிளப்பார், சில நேரம் அழுவார். அரை மணி நேரம், முடிந்தது!

பார்க்க நன்றாகத்தான் இருந்தது. நாடே பார்த்தது. புத்தாயிரத்தையொட்டி நெல்சன் மண்டேலாவுக்கே தோட்டம் போட்டுக் கொடுத்தார்கள். இதில் கோபப்பட என்ன இருக்கிறது என்று கேட்கலாம்.

இரண்டு நாளில் எது சாத்தியம் என்று யோசியுங்கள். விதை போட முடியாது. மண்ணைத் திருத்த முடியாது. வெயில் எந்த மாதத்தில் எந்த மூலையில் விழுகிறது என்று பார்த்து வைக்க முடியாது. இரண்டு நாளில் செய்யக்கூடியவை மூன்றுதான்: பலகை அடிப்பது, கல் பாவுவது, சாயம் பூசுவது. அவற்றோடு நர்சரியில் வளர்ந்து பூத்து நிற்கும் செடியைத் தொட்டியோடு வாங்கி வந்து குழியில் இறக்கலாம். அந்தக் காலத்துப் பின்கட்டுகளில் டெக்கிங் என்ற மரப்பலகைத் தளமும், நீலம் பூசிய வேலியும், சரளைக்கல்லும், கூழாங்கல்லுக்கு நடுவே குமிழியிடும் நீரூற்றும் பெருகியது தற்செயலா? அவை யாருடைய ரசனையும் அல்ல. படப்பிடிப்பு அட்டவணையின் ரசனை. 48 மணி நேரத்தில் முடிக்கக் கூடியது எதுவோ அதுவே அழகு என்று ஆனது.

பி அண்ட் க்யூ என்ற வீட்டுச் சாமான் கடைத்தொடரின் டெக்கிங் விற்பனை 1997இல் 5,000 பவுண்டாக இருந்து 2001இல் 1.6 கோடி பவுண்டாக ஏறியதாக அக்காலப் பத்திரிகைகள் எழுதின. த்ரோவரை விளம்பரத்துக்காக வெளியே அனுப்பிய அதே பிபிசியில், விளம்பரம் என்ற பெயரே இல்லாமல், எந்த விளம்பரமும் சாதிக்காததை ஒரு நிகழ்ச்சி சாதித்தது. இதில் யாரும் லஞ்சம் வாங்கவில்லை, யாரும் விதியை மீறவில்லை. அதனால்தான் இது இன்னும் கவலைக்குரியது. வடிவமே விளம்பரமாகிவிட்டால் விளம்பரதாரர் எதற்கு?

பிறகு மழை வந்தது. பிரிட்டனில் மழை வராமல் இருக்குமா? நிழலில் கிடந்த பலகையில் பாசி படிந்து வழுக்கியது. அடியில் எலி குடியேறியது. சில குளிர்காலங்களுக்குப் பிறகு மரம் உளுத்தது. நீரூற்றின் மோட்டார் நின்றது. அதையெல்லாம் படம் பிடிக்க கேமரா அங்கே இல்லை. நிகழ்ச்சி கட்டப்பட்டிருந்தது வீட்டுக்காரரின் முகத்தில் வரும் அந்த ஒரு நொடி வியப்பின் மீது. அடுத்த ஐந்தாண்டு வீட்டுக்காரரின் சொந்தப் பிரச்சினை.

மழைநீர் எங்கே போகும்?

‘கிரவுண்ட் ஃபோர்ஸ்’ நிகழ்ச்சியை உருவாக்கியவர் பீட்டர் பசல்ஜெட். இந்தக் குடும்பப் பெயர் லண்டன்காரர்களுக்கு மறக்க முடியாதது. 1858இல் தேம்ஸ் நதி நாறி நாடாளுமன்றமே மூக்கைப் பிடித்துக்கொண்ட பிறகு, நகருக்கு அடியில் மாபெரும் பாதாளச் சாக்கடையைக் கட்டியவர் பொறியாளர் ஜோசப் பசல்ஜெட். பீட்டர் அவருடைய எள்ளுப்பேரன். முப்பாட்டனார் கட்டிய சாக்கடையில் மழைநீரும் கழிவுநீரும் ஒன்றாகவே ஓடும். மழை அதிகமானால் இரண்டும் சேர்ந்து பொங்கி நதியில் கலக்கும். மண் உறிஞ்சிக்கொள்ளும் ஒவ்வொரு வாளி தண்ணீரும் அந்தச் சாக்கடைக்கு உதவி. கல்லும் சிமென்டும் தள்ளிவிடும் ஒவ்வொரு வாளியும் அதற்குச் சுமை. தாத்தாவின் சாக்கடைக்குப் பேரனின் நிகழ்ச்சி எந்தப் பக்கம் நின்றது என்பதை வாசிப்பவர்களே முடிவு செய்யட்டும்.

கணக்கைப் பாருங்கள். 1998க்கும் 2008க்கும் இடையில் எடுத்த வான்படங்களை ஒப்பிட்டு லண்டன் வனவிலங்கு அறக்கட்டளையும் மற்ற அமைப்புகளும் செய்த ஆய்வில், லண்டன் தோட்டங்களில் சுமார் 3,000 ஹெக்டேர் பசுமைப் பரப்பு காணாமல் போயிருந்தது. ஆண்டுக்கு இரண்டரை ஹைட் பார்க் அளவு! 2015இல் ராயல் தோட்டக்கலைச் சங்கம் வெளியிட்ட கணக்குப்படி, பிரிட்டனில் நான்கில் ஒரு வீட்டு முன்தோட்டம் முழுக்கக் கல் பாவப்பட்டுவிட்டது. மூன்றில் ஒன்றில் ஒரு செடிகூட இல்லை.

நியாயமாகப் பேச வேண்டும். முன்தோட்டங்களைக் கல் தின்றதற்குப் பெரிய காரணம் கார். தெருவில் நிறுத்த இடமில்லாதவர் தோட்டத்தைக் கார் நிறுத்தும் இடமாக்கினார். அதற்குத் தொலைக்காட்சியைக் குற்றம் சொல்ல முடியாது. ஆனால் லண்டன் ஆய்வு எண்ணியது பின்தோட்டங்களையும் சேர்த்து. அங்கே காருக்கு வேலையில்லை. அங்கே வந்தது ‘வெளியே ஒரு அறை’ என்ற எண்ணம். ஜான் புரூக்ஸ் என்ற வடிவமைப்பாளர் 1969இலேயே அந்தப் பெயரில் புத்தகம் எழுதியவர்தான். அவருடைய அறையில் செடிகள் குடியிருந்தன. தொலைக்காட்சி அந்த எண்ணத்தை எடுத்துக்கொண்டு அறையை மட்டும் வைத்துக்கொண்டது. தரைக்குப் பலகை, சுவருக்குச் சாயம், உட்காரச் சோபா, மூலைக்கு ஒரு தொட்டிச் செடி. செடியை ஊற வைக்க மண் இருந்த இடத்தில் இப்போது தரை.

2007 கோடையில் இங்கிலாந்தில் பெருமழை பெய்து 55,000 வீடுகளும் கட்டடங்களும் வெள்ளத்தில் மூழ்கின. அவற்றில் பெரும்பகுதியை மூழ்கடித்தது கரை உடைத்து வந்த ஆறு அல்ல, வடிகால் கொள்ளாமல் தெருவில் ஏறிய மழைநீர். அடுத்த ஆண்டு அக்டோபரில் விதி வந்தது: முன்தோட்டத்தில் 5 சதுர மீட்டருக்கு மேல் தண்ணீர் இறங்காத தளம் போட்டால் அனுமதி வாங்க வேண்டும். பின்தோட்டத்துக்கு அந்த விதி இல்லை. லண்டனோ தேம்ஸைக் காப்பாற்ற 25 கிலோமீட்டர் நீளத்தில் புதிய சுரங்கச் சாக்கடை தோண்டி, 2025இல்தான் அதை முழுமையாக இணைத்து முடித்தது. தோட்ட மண் இலவசமாகச் செய்துகொண்டிருந்த வேலையின் ஒரு பங்கைத்தான் அந்தச் சுரங்கம் இன்று கோடிக்கணக்கான பவுண்டு செலவில் செய்கிறது.

பிளாஸ்டிசின் தோட்டம்

‘அது மலிவான பொழுதுபோக்கு நிகழ்ச்சி, உயர்ந்த ரசனைக்கு செல்சி மலர்க்காட்சி இருக்கிறதே’ என்று சிலர் சொல்வார்கள். சரி, செல்சிக்குப் போவோம். ஆண்டுதோறும் மே மாதத்தில் லண்டனில் நடக்கும் அந்தக் காட்சியை பிபிசி நாள்தோறும் ஒளிபரப்புகிறது. அங்கே நிற்கும் பெரிய தோட்டங்கள் சில வாரங்களில் கட்டப்படுபவை, காட்சி முடிந்ததும் பிரிக்கப்படுபவை. ஏப்ரலில் பூக்க வேண்டிய செடியைக் குளிர் அறையில் அடைத்து நிறுத்தி வைப்பார்கள். ஜூலையில் பூக்க வேண்டியதைச் சூடேற்றி அவசரப்படுத்துவார்கள். இயற்கையில் ஒன்றாகப் பூக்கவே பூக்காத செடிகள் அந்த ஒரு வாரத்தில் தோளோடு தோள் சேர்ந்து பூத்து நிற்கும். பார்ப்பவர் அதைப் பார்த்துவிட்டுத் தன் தோட்டத்தைப் பார்க்கிறார். தன் தோட்டம் தோற்றுவிட்டதாக நினைக்கிறார். தோட்டம் தோற்கவில்லை ஐயா, காலண்டர்தான் ஏமாற்றப்பட்டது!

இதன் உச்சம் 2009இல் வந்தது. தொலைக்காட்சித் தொகுப்பாளர் ஜேம்ஸ் மே ஒரு நிகழ்ச்சிக்காக, குழந்தைகள் பிசைந்து விளையாடும் பிளாஸ்டிசினிலேயே முழுத் தோட்டமும் செய்து செல்சியில் வைத்தார். பூ, இலை, புல், காய்கறி எல்லாம் பிளாஸ்டிசின். உயிருள்ள செடி ஒன்றுகூடக் கிடையாது. சங்கத்தார் விளையாட்டாகப் பிளாஸ்டிசினிலேயே தங்கப் பதக்கம் செய்து கொடுத்தார்கள். சிறிய தோட்டங்களில் எது சிறந்தது என்று பொதுமக்கள் போட்ட ஓட்டில் அதுவே முதலிடம் பிடித்தது.

மே செய்தது நல்ல நகைச்சுவை, அதில் தவறில்லை. ஆனால் அந்த ஓட்டு ஓர் உண்மையைச் சொல்லிவிட்டது. பார்ப்பதற்கு மட்டும் தோட்டம் என்றால் அது உயிரோடு இருக்க வேண்டிய அவசியமே இல்லை. வாடாத பூவும் வெட்டத் தேவையில்லாத புல்லும் இன்னும் நல்ல படம் தரும். பிரிட்டிஷ் வீடுகளில் பிளாஸ்டிக் புல் விரிக்கப்பட்டதற்கும் இந்தக் கண்ணுக்கும் தொடர்பு இல்லை என்று யார் சொல்வார்கள்? 2022இல் ராயல் தோட்டக்கலைச் சங்கமே தன் காட்சிகளில் பிளாஸ்டிக் புல்லைத் தடை செய்ய வேண்டியதாயிற்று.

நீலச் சட்டை

இப்போது மற்ற முகாமைப் பார்க்கலாம். அவசர நிகழ்ச்சிகளுக்கு மாற்று மருந்தாகப் பலர் சொல்வது மான்டி டானை. 2003இல் ‘கார்டனர்ஸ் வேர்ல்டு’ நிகழ்ச்சிக்கு வந்தார், நடுவில் விலகி 2011இல் திரும்பினார். ஹெரஃபோர்ட்ஷயரில் லாங்மெடோ என்ற தன் சொந்தத் தோட்டத்திலிருந்து, நிதானமான குரலில், பருவத்தோடு நடந்தார். பூச்சிமருந்து வேண்டாம், பீட் வேண்டாம் என்றார். பக்கத்தில் நைஜல் என்ற நாய். அது 2020இல் இறந்தபோது நாடே துக்கம் கொண்டாடியது. ஹாமில்டனின் வாரிசு என்று சொல்லத் தகுதியானவர்தான்.

ஆனால் மக்கள் அவரிடமிருந்து எதை எடுத்துக்கொண்டார்கள்? பிரெஞ்சுத் தொழிலாளிகள் அணிந்த நீல நிறக் காட்டன் மேல்சட்டை, தொளதொள கார்டுராய் கால்சட்டை, தோளில் மாட்டிய பட்டை, கழுத்தில் துண்டு. நாகரிகப் பக்கங்கள் இதைப் பற்றி எழுதித் தள்ளின. அவர் 1980களில் மனைவியோடு சேர்ந்து நாகரிக நகைகள் செய்து விற்றவர், 1987 பங்குச் சந்தைச் சரிவுக்குப் பின் அந்தத் தொழில் நொடித்துப்போனது என்பதையும் சேர்த்துப் பார்த்தால், தோற்றத்தின் வலிமை தெரியாத மனிதரல்ல அவர். ஒரு காலத்தில் உழைப்பாளி வேறு துணி வாங்க வழியில்லாமல் அணிந்த உடை, இன்று உழைக்கத் தேவையில்லாதவர் உழைப்பாளியைப் போலத் தெரிவதற்காக அதிக விலை கொடுத்து வாங்கும் உடை. முழங்காலில் மண் படியாத தோட்டச் சட்டை!

பெண்ணுக்கு இந்தச் சலுகைகூடக் கிடைக்கவில்லை. சார்லி டிம்மக் நீர்த்தோட்டக் கலையில் தேர்ந்தவர். ஆண்களுக்குச் சமமாகக் கல் சுமந்தவர், குழி தோண்டியவர். ஆனால் மலிவுப் பத்திரிகைகள் ஆண்டுக்கணக்கில் பேசியது அவர் உள்ளாடை அணிகிறாரா இல்லையா என்பதைப் பற்றி. ஆண் தோட்டக்காரனின் உடை ‘பாணி’ ஆகிறது, பெண் தோட்டக்காரியின் உடல் ‘செய்தி’ ஆகிறது. இரண்டிலும் மறைந்து போவது ஒன்றுதான்: கை தெரிந்து வைத்திருக்கும் வித்தை.

சட்டையை எல்லோரும் எடுத்துக்கொண்டார்கள், பீட் வேண்டாம் என்ற பேச்சை எத்தனை பேர் எடுத்துக்கொண்டார்கள்? 2011இல் அரசு, 2020க்குள் வீட்டுத் தோட்டங்களில் பீட் பயன்பாட்டைத் தானாக முடிவுக்குக் கொண்டுவரலாம் என்று இலக்கு வைத்தது. நடக்கவில்லை. 2022இல், 2024க்குள் இங்கிலாந்தில் வீட்டுத் தோட்டங்களுக்கு விற்பதைத் தடை செய்வோம் என்றது. 2024ம் சட்டம் வராமலே கடந்து போனது. ஹாமில்டன் இறந்து கால் நூற்றாண்டுக்கு மேல் ஆகிவிட்டது. பாணி பரவும் வேகத்தில் பாடம் பரவுவதில்லை.

எதிர்வாதங்கள்

‘இதெல்லாம் மேட்டுக்குடியின் முகச்சுளிப்பு. ஏழை எளியவர் டெக்கிங் போட்டால் உங்களுக்கு என்ன?’ என்ற கேள்வி வரும். நல்ல கேள்வி. டெக்கிங்கைக் கொச்சை என்று கேலி செய்தவர்கள் இருந்தார்கள், அவர்களோடு இங்கே கூட்டணி இல்லை. நீல வேலி நல்ல வேலிதான். ஒருவருக்கு நீலம் பிடித்தால் நீலம் பூசட்டும். இங்கே குற்றச்சாட்டு நிறத்தின் மீதல்ல. ஒருவருடைய மண்ணைப் பற்றி ஒன்றும் தெரியாமல், அதன் மேல் ஒரு மூடியைப் போட்டு, அதையே தோட்டம் என்று அவரை நம்ப வைத்ததன் மீது.

‘இந்த நிகழ்ச்சிகள் இல்லாவிட்டால் லட்சக்கணக்கானோர் தோட்டத்துப் பக்கமே வந்திருக்க மாட்டார்கள்’ என்பது அடுத்த வாதம். வந்தார்கள், உண்மை. ஆனால் எந்த வாசல் வழியாக வந்தார்கள்? கடை வாசல் வழியாக. வாங்கிய செடி செத்தபோது அவர்களுக்குத் தோன்றியது, ‘நமக்குக் கைராசி இல்லை’ என்பது. ஜூன் வெயிலில் பூத்து நின்ற செடியைத் தவறான மண்ணில் இறக்கினால் யார் கையில் வைத்தாலும் சாகும். இதைச் சொல்லித் தராதது யாருடைய குற்றம்?

‘அவரவருக்கு நேரமில்லை, உடனே அழகு வேண்டும்’ என்பது மூன்றாவது. நேரமில்லாதவருக்கு ஹாமில்டன் வழி இருக்கிறது. மண்ணைத் திறந்து வைத்து, நாலு விதை தூவி, மழையை நம்பி விட்டுவிடுவது எல்லா டெக்கிங்கையும் விட மலிவு, எல்லாவற்றையும் விடச் சோம்பேறித்தனமானதும்கூட.

இன்னொரு பக்கத்தையும் மறக்கக் கூடாது. 2020இல் பிரிட்டனின் புள்ளிவிவர அலுவலகம் சொன்ன கணக்கு: எட்டில் ஒரு வீட்டுக்குத் தோட்டமே இல்லை. லண்டனில் ஐந்தில் ஒன்றுக்கு இல்லை. இங்கிலாந்தில் கறுப்பினத்தவர் வீட்டில் தோட்டமோ மாடமோ எதுவும் இல்லாமல் இருக்கும் வாய்ப்பு வெள்ளையரைப் போலக் கிட்டத்தட்ட நான்கு மடங்கு. இவர்களுக்குப் பக்கத்துத் தெருவின் முன்தோட்டம்தான் பச்சை, அங்கே வரும் தேனீதான் தேனீ. தோட்டம் உள்ளவர் அதை மூடும்போது தன் மண்ணை மட்டும் மூடவில்லை, தோட்டமில்லாத அண்டைவீட்டாரின் கண்ணையும் காற்றையும் சேர்த்தே மூடுகிறார்.

கேட்க வேண்டிய கேள்விகள்

தொலைக்காட்சியை அணைத்துவிடச் சொல்வது எளிது, பயனில்லை. பார்க்கலாம். ஆனால் மாமியார் வீட்டுக்கு வந்த புது மருமகளைப் பார்ப்பது போல, சந்தேகத்தோடு பார்க்க வேண்டும். திரையில் ஒரு தோட்டம் வந்தால் சில கேள்விகள் கேளுங்கள். இந்தச் செடிக்கு அடுத்த ஆகஸ்டில் யார் தண்ணீர் ஊற்றுவார்? இந்தத் தளத்தில் விழும் மழை எங்கே போகும்? இந்தப் பை மண் எங்கிருந்து தோண்டியது? மொத்தச் செலவு எவ்வளவு, அதை ஏன் சொல்லவில்லை? காட்டியதில் எத்தனை செடி இப்போது உயிரோடு இருக்கிறது?

நிகழ்ச்சி நடத்துபவர்களுக்கும் ஒரு சவால். ஒரு தோட்டத்தைப் போட்டுக் காட்டுகிறீர்களா, நல்லது. அதே தோட்டத்தை ஓராண்டு கழித்து, மூன்றாண்டு கழித்து, ஜனவரி மாதத்து மழையில், ஒப்பனை இல்லாமல் காட்டுங்கள். செத்ததைக் காட்டுங்கள். ஏன் செத்தது என்று சொல்லுங்கள். பார்ப்பவர் ஓடிவிட மாட்டார். தன் தோட்டத்திலும் அதேதான் நடக்கிறது என்று முதல் முறையாக அவருக்கு ஆறுதல் பிறக்கும்.

வட கொரியத் தணிக்கைக்காரர் ஜீன்ஸை மறைத்துச் செடியைக் காட்டினார். பிரிட்டிஷ் தொலைக்காட்சி பல ஆண்டுகள் அதற்கு நேர்மாறாகச் செய்தது: சட்டையைக் காட்டியது, சாயத்தைக் காட்டியது, காலத்தை மங்கலாக்கியது. மங்கலாக்கிய அந்தப் பகுதியில்தான் தோட்டம் இருந்தது.